உறுமுகிற நாயை அடிக்காதீர்கள்



பரிசளிப்பு விழாவில் படிப்பைப் பேசாமல் நாயைப் பற்றிப் பேசுகிறாரே வாத்தியார் என்று சிலர் முணுமுணுக்கலாம். நம் லயத்தில் நாய் இல்லாத வீடு எத்தனை, சொல்லுங்கள்? நீங்கள் வேலைக்காட்டுக்குப் போன பிறகு பிள்ளைக்குத் துணை அதுதானே!

எங்கள் வீட்டில் மணி என்று ஒரு நாய் இருந்தது. சாப்பிடும்போது யாராவது கிட்டே போனால் உறுமும். "சோறு போடுற வீட்டுலேயே உறுமுறியா?" என்று அப்பா விறகுக்கட்டையால் ஒரு போடு போடுவார். சில மாதத்தில் உறுமல் நின்றது. "பாத்தியா, திருந்திட்டான்" என்று அப்பாவுக்குப் பெருமை. பிறகு ஒரு நாள், 4 வயதுத் தங்கை தட்டுப்பக்கம் உருண்ட பந்தை எடுக்கக் குனிந்தாள். சத்தமே இல்லை. கன்னத்தில் கடித்துவிட்டது. அன்று மாலையே மணியைச் சாக்கில் கட்டித் தூக்கிப் போனார்கள். எங்கே என்று நான் இன்றுவரை கேட்கவில்லை.

மணி திருந்தவில்லை, ஐயா. தட்டைப் பிடுங்குவார்களோ என்ற பயம் அப்படியே இருந்தது. 'கிட்டே வராதே' என்று அது சொன்ன ஒரே வார்த்தையைத்தான் நாம் அடித்து நிறுத்தினோம்.

மாணவர்களே, வாலாட்டுகிற நாயெல்லாம் நட்பு நாய் அல்ல. உடம்பு தளர்ந்து இடுப்போடு சேர்ந்து ஆடினால் சரி. உடம்பு விறைத்து, வால் மட்டும் மேலே நின்று ஆடினால் விலகுங்கள். கண்ணின் வெள்ளை தெரிய ஓரமாகப் பார்ப்பதும், தூக்கமில்லாமல் கொட்டாவி விடுவதும், சும்மா மூக்கை நக்குவதும் 'என்னை விடு' என்பதுதான். நீங்கள் கட்டிப்பிடிக்கும்போது கவனியுங்கள். அப்போதுதான் பெரும்பாலும் அப்படிச் செய்யும். அதற்குப் பயந்து ஓடவும் வேண்டாம். கையைத் தொங்கவிட்டு, மரம் மாதிரி நில்லுங்கள்.

பெற்றோர்களே, குட்டிக்கு 3 வாரம் முதல் 14 வாரம் வரைதான் உலகத்தைப் பழகும் பருவம். அந்த நாளில் பல மனிதரையும் பிள்ளைகளையும் பதமாகப் பழக்க வேண்டும். நாமோ கொல்லையில் கட்டிப் போடுகிறோம். நாள் முழுவதும் சங்கிலியில் கிடக்கும் நாய் பயந்தால் ஓட முடியாது. அதற்கு மிச்சம் பல் ஒன்றுதான். சாதுவாக இருந்த நாய் திடீரென்று சீறினால் காதிலோ காலிலோ வலி இருக்கும். கால்நடை இலாகாவில் காட்டுங்கள்.

கடித்துவிட்டால் மஞ்சளும் காப்பித்தூளும் வேண்டாம். சவர்க்காரம் போட்டு, ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவி, உடனே கிளினிக்குக்கு ஓடுங்கள். வெறிநாய் நோய் 2015-ல் பெர்லிஸ், கெடா, பினாங்கிலும், 2017-ல் சரவாக்கிலும் தலைகாட்டியது. நோய்க்குறி தெரிந்த பிறகு பிழைப்பது அரிது.

என் தங்கை இப்போது இரண்டு பிள்ளைக்குத் தாய். அவள் வீட்டிலும் நாய் உண்டு. அது சாப்பிடும் மூலையில் தரையில் சுண்ணாம்புக்கோடு ஒன்று போட்டிருக்கிறாள். அது சாப்பிட்டு முடிக்கும்வரை பிள்ளைகள் கோட்டைத் தாண்டுவதில்லை.