சலோனிக்காவில் ஒரு பரிசோதனை

1941 ஆம் ஆண்டிலே, கிறீற் தீவில் ஜேர்மானியரிடம் சிறைப்பட்ட பிரித்தானிய வைத்தியர் ஆர்ச்சி கொக்ரன், கிரேக்க நாட்டின் சலோனிக்கா நகரத்துக் கைதிகள் முகாமிலே வைத்தியம் பார்க்கலானார். பட்டினியால் வாடிய கைதிகளின் கால்கள் வீங்கின. வைத்தியரின் கால்களும் வீங்கின. மேலும் வைத்தியர் வேண்டுமென்று கேட்டார், மறுத்துவிட்டனர்.

நோய் பெரிபெரியாகலாம் என ஐயுற்ற அவர், நோயாளர் இருபதின்மரைத் தெரிந்து இரு அறைகளில் இருத்தினார். ஓர் அறையினருக்குக் கள்ளச் சந்தையில் வாங்கிய மதுவம். பாண் மாவைப் புளிக்கச் செய்யும் அதே பொருள்தான். மற்றையோருக்கு விற்றமின் சி. நான்காம் நாளில் மதுவம் உண்டவருள் பெரும்பாலோர் தேறினர், மற்றையோர் தேறவில்லை. அக்கணக்கை எழுதிப் பகைவர் முன் வைத்தார். வேண்டுகோளுக்கு இரங்காதோர் கணக்குக்கு இணங்கினர். முகாமுக்கு மதுவம் வந்தது.

இருபது பேர், நான்கு நாள், இது போதுமா? போதாதென்பதை அவரும் அறிவார். தமது பரிசோதனைகளுள் முதலாவதும், மிக மோசமானதும், மிக வெற்றிபெற்றதும் இதுவே என 1984 இல் எழுதினார்.

யுத்தத்தின் பின்னர், வேல்ஸ் நாட்டு ரொண்டாப் பள்ளத்தாக்கிலே, நிலக்கரித் தூசியால் நுரையீரல் கெட்ட சுரங்கத் தொழிலாளரைப் பல்லாண்டு ஆராய்ந்தார். பொதுப்பணத்தில் வழங்கும் சிகிச்சை எதுவும் முதலில் முறையாகச் சோதிக்கப்படல் வேண்டும் என்று 1972 இல் வெளியிட்ட நூலில் வாதாடினார். அவர் மறைந்தது 1988 இல். அவர் பெயரால் அமைந்த கூட்டமைப்பு 1993 இல் தோன்றியது.