பரீட்சை நாளும் நீதியின் அளவும்

மன்னார்த் தீவைப் பெருநிலத்தோடு பாலமும் தாம்போதியும் இணைக்கின்றன. பெருநிலக் கரையிலோ அருவியாறு பெருகும்போது நானாட்டானும் முசலியும் வெள்ளக் காடாகின்றன. இத்தகைய நிலத்தில் பரீட்சை நாள் என்பது நாட்காட்டியில் இட்ட குறி மட்டுமன்று. காற்றும் மழையும் கலந்து தீர்மானிக்கும் விடயமுமாகும்.

பல்கலைக்கழக வாயிலைத் திறக்கும் உயர்தரப் பரீட்சை பல்லாண்டுகளாக ஓகஸ்ட் மாதத்தில் நடைபெற்றது. 2024 ஆம் ஆண்டிலும் 2025 ஆம் ஆண்டிலும் அது மழைக்குரிய நவம்பரில் தொடங்கிற்று. இரண்டு ஆண்டுகளிலும் புயல் குறுக்கிட்டது. 2024 இல் சில நாட்கள் பரீட்சை நிறுத்தப்பட்டது. 2025 இல் 'டித்வா' புயலின் பின் எஞ்சிய பாடங்கள் 2026 சனவரிக்குத் தள்ளப்பட்டன.

நேயர்களே, இவ்வாறு குறிக்கப்படும் நாள் அநீதியானது என ஒரு மாணவன் கருதினால் அவன் செல்லும் வழி யாது? சட்டத்தின் முன் யாவரும் சமம் என்பது இலங்கை அரசியலமைப்பின் 12 ஆம் உறுப்புரை. அவ்வுரிமை மீறப்பட்டால், 126 ஆம் உறுப்புரையின்படி ஒரு மாதத்துள் உயர் நீதிமன்றத்தை நாடலாம். ஆயின் அம்மன்றம் இருப்பது கொழும்பில். பரீட்சையோ சில வாரங்களில் முடிந்துவிடுவது. இழந்த காலையைத் தீர்ப்பு மீட்டுத் தராது.

பாக்கு நீரிணையின் அக்கரையில் இவ்வினா 2020 இல் எழுந்தது. இறுதியாண்டுப் பரீட்சைகளைச் செப்ரெம்பர் 30 இற்குள் முடிக்குமாறு இந்தியப் பல்கலைக்கழக மானியக் குழு பணித்தது. பெருந்தொற்றைக் காரணங்காட்டி மாணவர் வழக்குத் தொடுத்தனர். அவ்வாண்டு ஓகஸ்ட் 28 ஆம் நாள் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பேரிடர் முகாமைச் சட்டத்தின்கீழ் மாநிலங்கள் பரீட்சையைப் பிற்போடலாம்; அதற்கு மானியக் குழுவிடம் கால நீடிப்புக் கேட்கலாம்; ஆனால் பரீட்சையின்றி மாணவரைத் தேறியவராக்க இயலாது என்பது அதன் சாரம். நாள் இளகலாம், தகுதி இளகலாகாது எனச் சுருங்கச் சொல்லலாம்.

சமத்துவம் என்பது யாவரையும் ஒரே அச்சில் வார்ப்பதன்று என்பதை இலங்கை உயர் நீதிமன்றமும் உணர்த்தியுள்ளது. 2011 ஆம் ஆண்டு உயர்தரப் பரீட்சைக்குப் பழைய பாடத்திட்டத்தாரும் புதிய பாடத்திட்டத்தாரும் தோற்றினர். இரு சாராரையும் ஒன்றாக்கிக் கணித்த இசட் புள்ளிகளை 2012 இல் அம்மன்றம் செல்லாதவையாக்கி, வெவ்வேறாகக் கணிக்குமாறு பணித்தது. வேறுபட்ட நிலையில் உள்ளோரை ஒன்றெனக் கொள்வதும் ஒருவகைப் பாரபட்சமே.

இந்நெறி நேரசூசிக்கும் பொருந்தாதா? கல்வியிற் பின்தங்கிய மாவட்டங்களுள் ஒன்றாக மன்னார் கொள்ளப்பட்டு, பல்கலைக்கழக அனுமதியில் தனி ஒதுக்கீட்டில் பங்கு பெறுகின்றது. புள்ளி வழங்கும்போது நினைவு கூரப்படும் மாவட்டம், நாள் குறிக்கும்போது மறக்கப்படுதல் தகுமா? தீவிலும் கரையிலும் உள்ளோர் வேண்டுவது எளிய வினாத்தாளன்று. அதனை உலர்ந்த மேசையில் வைத்து எழுதும் வாய்ப்பே. அவ்வாய்ப்பை வழங்குமிடம் நீதிமன்றமன்று. நேரசூசி வரையப்படும் மேசையிலேயே, மழைக்காலத்தை முன்னறிந்து, மாற்று நாளையும் உடன் குறித்து வைத்தால், வழக்கே எழாது. வெள்ளம் வடிந்தபின் கிடைக்கும் நீதியினும் வெள்ளம் வருமுன் காட்டும் விவேகமே மேலானது.