கேப்டன் இல்லாமல் வென்ற கோப்பை

(ஐ.டி. விங் தன்னார்வலர்களின் ஞாயிற்றுக்கிழமை இணையவழிச் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



நம்ம குரூப்புகள்ல ஒரு கார்டு சுத்திக்கிட்டு இருக்கு. ஹிஜாப் போட்ட ஒரு விளையாட்டு வீராங்கனையோட படம். "புருஷன் கையெழுத்து போடல, அதனால நாட்டோட கேப்டனே வெளிநாடு போக முடியல"ன்னு மேல எழுதியிருக்கு. கீழே ஒரு மதத்தையே கேவலப்படுத்துற ஒரு வரி. அதை நம்ம ஆளுங்களே சிலர் "பெண்ணுரிமை"ன்னு தலைப்பு வச்சு ஷேர் பண்ணியிருந்தாங்க. நான் இன்னைக்குப் பேசப்போறது அதைப் பத்திதான். மேல் வரி உண்மை. கீழ் வரி அயோக்கியத்தனம். ரெண்டுக்கும் நடுவுல பெரிய கதை ஒன்னு இருக்கு, அதை அந்தக் கார்டு மறைச்சிடுச்சு.

படத்துல இருக்கிறவங்க நிலூஃபர் அர்தலான். ஈரான் தேசிய மகளிர் ஃபுட்சால் அணியின் கேப்டனா இருந்தவங்க. ஃபுட்சால்னா என்னன்னு சிலர் கேட்பீங்க. நம்ம ஊர் டர்ஃப்ல ராத்திரி லைட் போட்டு அஞ்சு பேர் ஆடுறோம்ல, அதோட அசல் வடிவம்னு வச்சுக்கலாம். ஆனா புல் கிடையாது. உள்ளரங்கம், கெட்டித் தரை, 40க்கு 20 மீட்டர் களம். கோல்கீப்பரோட சேர்த்து அஞ்சு பேர். பந்து கொஞ்சம் சின்னது, அதிகம் எகிறாது. பாதிக்கு 20 நிமிஷம், பந்து நின்னா கடிகாரமும் நிக்கும். வெளியே போன பந்தை 4 வினாடிக்குள்ள உள்ளே விடணும். ஒரு பாதியில ஆறாவது ஃபவுல் ஆச்சுன்னா எதிரணிக்குத் தடுப்புச் சுவரே இல்லாம நேரா ஒரு ஷாட். மூச்சு வாங்க நேரமே கிடையாது.

ஈரான்ல பெண்கள் கிட்ட இந்த ஆட்டம் பரவினதுக்கு ஒரு காரணம் அந்த உள்ளரங்கம்தான். 1979 புரட்சிக்குப் பிறகு பெண்கள் திறந்த மைதானத்துல ஆம்பளைங்க பார்க்க ஆடுறது நின்னு போச்சு. நாலு சுவரும் கூரையும் இருந்தா ஆடலாம். அந்தச் சுவருக்குள்ளதான் பந்து மறுபடியும் உருள ஆரம்பிச்சுது. ஒதுக்கி வச்ச இடத்துலயே கத்துக்கிட்டு ஆசியாவுல முதல் இடத்துக்கு வந்தாங்க பாருங்க, அதுதான் அந்த அணி.

சாதனையைச் சொல்லிடுறேன். ஆசிய ஃபுட்சால் சாம்பியன்ஷிப் ஆண்களுக்கு 1999ல தொடங்கினது. பெண்களுக்கு 2015ல, அதாவது 16 வருஷம் கழிச்சு. மலேசியாவுல நடந்த அந்த முதல் போட்டியின் இறுதியாட்டத்துல ஜப்பானை 1-0ன்னு ஜெயிச்சு ஈரான் முதல் சாம்பியன் ஆச்சு. 2018ல பாங்காக். இறுதியில மறுபடியும் ஜப்பான், இந்தத் தடவை 5-2. அடுத்தது குவைத்துல நடந்திருக்கணும், கொரோனாவால ரத்து. ஏழு வருஷ இடைவெளிக்குப் பிறகு 2025 மே மாசம் சீனாவுல நடந்தப்ப சீனாவையே தோற்கடிச்சு மூணாவது இடம். நடந்த மூணு போட்டியில ரெண்டு தங்கம், ஒரு மூன்றாம் இடம். அந்த மூன்றாம் இடம்தான் அவங்களைப் பெண்களுக்கான முதல் ஃபிஃபா ஃபுட்சால் உலகக் கோப்பைக்குக் கூட்டிட்டுப் போச்சு. 2025 நவம்பர், டிசம்பர்ல பிலிப்பைன்ஸ்ல நடந்துச்சு, கோப்பை பிரேசிலுக்குப் போச்சு. ஆண்களுக்கு ஃபிஃபா இதே உலகக் கோப்பையை எப்போ தொடங்கினாங்க தெரியுமா? 1989. பெண்களுக்கு 36 வருஷம் காத்திருக்கச் சொன்னது எந்த மதத் தலைவரும் இல்ல, சுவிட்சர்லாந்துல கோட்டு சூட்டோட உட்கார்ந்திருக்கிற நிர்வாகிகள். இதையும் குறிச்சு வச்சுக்குங்க.

(போற போக்குல ஒன்னு. 2015லயும் 2018லயும் அந்த ஆசியப் போட்டியில இந்தியாவோட பேரே கிடையாது. 2018ல வங்கதேசம் அணி அனுப்பியிருந்துச்சு. ஈரானைப் பார்த்து உச்சு கொட்டுறவங்க இதையும் ஒரு தடவை யோசிக்கலாம்.)

இப்போ அர்தலான் விஷயத்துக்கு வரேன். 2015 செப்டம்பர். மலேசியாவுக்கு அணி கிளம்பணும். அவங்களுக்கு வயசு 30. பாஸ்போர்ட் புதுப்பிக்கணும். கணவர் ஒப்புதல் தரல. பையனோட பள்ளிக்கூட முதல் நாளுக்கு அம்மா வீட்டுல இருக்கணும்ங்கிறது அவர் சொன்ன காரணம். கணவர் யாரு? விளையாட்டுச் செய்தியாளர்! ஆட்டத்தைப் பத்திப் பேசிச் சம்பாதிக்கிறவர். அணி கேப்டன் இல்லாமலே போய் ஜெயிச்சுட்டு வந்துச்சு. பெண்கள் வாய்மூடி இருக்கிற நாடுன்னு நினைச்சுக்காதீங்க. அர்தலான் இதை வெளிப்படையா பத்திரிகைல சொன்னாங்க. விளையாட்டு வீராங்கனைகளுக்காகச் சட்டம் மாறணும்னும் சொன்னாங்க. அங்கேயே பெரிய விவாதம் ஆச்சு. ரெண்டு மாசத்துல, அந்த நவம்பர்ல, குவாத்தமாலாவுல நடந்த உலக மகளிர் ஃபுட்சால் போட்டிக்கு அரசு வழக்கறிஞர் அலுவலகம் அவங்களுக்கு அனுமதி கொடுத்துச்சு. அந்த ஒரு பயணத்துக்கு மட்டும்.

ஏன் ஒரு பயணத்துக்கு மட்டும்? சட்டம் அப்படி. ஈரான் பாஸ்போர்ட் சட்டம், 18வது பிரிவு. கல்யாணமான பெண் பாஸ்போர்ட் வாங்க கணவனோட எழுத்துப்பூர்வ சம்மதம் வேணும். அவசரம்னா அரசு வழக்கறிஞர் அனுமதிக்கலாம். 18 வயசு தாண்டின, கல்யாணம் ஆகாத பெண் யார் கையெழுத்தும் இல்லாம வாங்கிக்கலாம். அதாவது தாலி ஏறுற மாதிரி ஒரு கையெழுத்து விழுந்த நிமிஷத்துல, நேத்து வரைக்கும் தனியா பறந்தவங்க இன்னைக்கு இன்னொருத்தர் சம்மதத்துக்கு நிக்கணும். விவரம் தெரிஞ்ச பெண்கள் கல்யாண ஒப்பந்தத்துலயே "பயண உரிமை என்னுடையது"ன்னு ஒரு நிபந்தனை எழுதி வாங்கிக்கிறாங்க. விவரம் தெரியாதவங்க, கேட்கத் தயங்கினவங்க மாட்டிக்கிறாங்க.

இப்போ அந்தக் கார்டு மறைச்ச விஷயம். இந்தச் சட்டம் 1979க்குப் பிறகு வந்தது இல்ல. 1970களோட தொடக்கத்துல, மன்னர் ஷா ஆட்சியில வந்தது. மேற்கத்திய உடை, தெஹ்ரான்ல குட்டைப் பாவாடைன்னு பழைய கறுப்பு வெள்ளைப் படமெல்லாம் போட்டு "அந்தக் காலத்துல எவ்வளவு சுதந்திரம்"னு ஏங்குறாங்களே, அதே காலம். ராஜா போனாரு, குடியரசு வந்துச்சு, கொடி மாறுச்சு. கணவன் கையெழுத்து மட்டும் மாறல. ரெண்டு ஆட்சிக்கும் அது வசதியா இருந்துச்சு.

இன்னொரு பக்கமும் பாருங்க. 2011 ஜூன், ஜோர்டான் தலைநகர் அம்மான். ஈரான் மகளிர் கால்பந்து அணி (ஃபுட்சால் இல்ல, பெரிய மைதான அணி) ஒலிம்பிக் தகுதிச் சுற்றுக்கு வந்து நிக்குது. தலையை மூடுற உடையோட ஆட ஃபிஃபா விதி அனுமதிக்காதுன்னு ஆட்டம் தொடங்குறதுக்கு முன்னாடியே நிறுத்திட்டாங்க. 3-0 தோல்வின்னு எழுதிட்டாங்க. அந்தப் பெண்கள் களத்துலயே அழுதாங்க. வீட்டுல "மூடலன்னா ஆடக்கூடாது", வெளியில "மூடினா ஆடக்கூடாது". ரெண்டு இடத்துலயும் அந்தப் பெண்ணை யாரும் கேட்கல. ஃபிஃபா தரப்பு 2012ல சோதனையா அனுமதிச்சு, 2014ல முறையா மாத்துச்சு. அதுக்காகப் போராடினதுல முக்கியமானவர் ஃபிஃபா துணைத் தலைவரா இருந்த ஜோர்டான் இளவரசர் அலி. அவரும் ஒரு முஸ்லிம்தான். கார்டு போட்டவங்களுக்கு இது எப்படித் தெரியும்?

சரி, ரெண்டு ஆசியக் கோப்பை ஜெயிச்ச பிறகாவது 18வது பிரிவு மாறுச்சா? 2021 பிப்ரவரி. இத்தாலியில உலக பனிச்சறுக்கு சாம்பியன்ஷிப். ஈரான் மகளிர் அணியோட பயிற்சியாளர் சமீரா ஸர்காரி. கணவர் தடுத்ததால அவங்க போக முடியல. அணி பயிற்சியாளர் இல்லாமலே போச்சு. ஆட்டம் வேற, வருஷம் வேற, கதை அதேதான். மெடல் வாங்கினா மரியாதை தானா வரும்னு நம்ம வீட்டுலயும் சொல்வாங்க. வரும், மாலை வரும், போட்டோ வரும், அமைச்சர் ட்வீட் வரும். சட்டம் மாறணும்னா சட்டசபைல கை தூக்க ஆள் வேணும். அது அரசியல் வேலை, கோல் அடிக்கிறவங்க தலைல அதையும் கட்டக்கூடாது.

தோழர்களே, கடைசியா நம்ம வீட்டு விஷயம். கொஞ்சம் கசக்கும். நம்ம பக்கத்து கமென்ட் பாக்ஸ் எல்லாத்தையும் தினமும் படிக்கிற வேலை எனக்கு. எதிர்க்கட்சிப் பெண் ஒருத்தர் ஒரு கருத்து சொன்னா, கருத்துக்குப் பதில் சொல்றவங்க ரெண்டு பேர். மத்தவங்க என்ன எழுதுறாங்க? "வீட்டுல ஆம்பளை யாரும் கண்டிக்க மாட்டாங்களா?" "உன் புருஷனுக்குத் தெரியுமா?" பிரொஃபைல் படத்துல நம்ம கொடி, பயோல பெண் விடுதலை. கேட்கிற கேள்வி மட்டும் அந்த 18வது பிரிவு. அங்கே அதைச் சட்டமா எழுதி வச்சிருக்காங்க, இங்கே கமென்ட்டா எழுதுறோம். அர்தலானுக்காகக் கண்ணீர் விடுற எமோஜி போட்ட அதே விரல்தானே இதையும் தட்டுது? எதிராளியைத் தாக்கணுமா, புள்ளிவிவரத்தோட தாக்குங்க, அவங்க கட்சி செஞ்சதைக் கேளுங்க. புருஷனைக் கூப்பிடாதீங்க. இனி நம்ம பக்கத்துல அந்த மாதிரி கமென்ட் வந்தா, எழுதினவர் எந்த மாவட்டப் பொறுப்பாளரா இருந்தாலும் நீக்குவோம். அட்மின் குழுவுல பேசி முடிவு பண்ணியாச்சு.

பழைய கார்டை ஷேர் பண்ணினவங்க தயவுசெஞ்சு எடுத்துடுங்க. டிசைன் டீம் புதுசா ஒன்னு பண்றாங்க, சாயங்காலம் 6 மணிக்குப் பக்கத்துல வரும். மேல 2015, 2018, 2025 ஆட்ட முடிவுகள். நடுவுல அர்தலான் பேரு. கீழே 18வது பிரிவு என்ன சொல்லுது, எந்த ஆட்சியில வந்ததுன்னு ரெண்டு வரி. மதத்தைப் பத்தி ஒரு வார்த்தையும் இருக்காது. அதை ஷேர் பண்ணுங்க.