தேவநாயகம் என்றொரு கப்டன்



நூல் வெளியீடா, நாடகமா, அஞ்சலிக் கூட்டமா, எதுவானாலும் மட்டக்களப்பு நகரத்திலே அழைப்பிதழில் "தேவநாயகம் மண்டபம்" என்று அச்சடிக்கிறோம். அந்தத் தேவநாயகம் யார் என்று பிள்ளைகள் கேட்டால், "பழைய மந்திரி" என்று சொல்லிவிட்டு நாம் அடுத்த கதைக்குப் போய்விடுகிறோம். இன்றைக்கு அப்படிப் போக நான் விரும்பவில்லை. கே. டபிள்யூ. தேவநாயகம் சட்டத்தரணியாக இருந்தவர். இராணுவத்திலே கப்டனாக இருந்தவர். கல்குடாத் தொகுதியின் பிரதிநிதியாகப் பாராளுமன்றத்தில் இருந்தவர். நீதி அமைச்சராகவும் இருந்தவர். அவரைப் பற்றி நம்மிடம் முழுமையான ஒரு வாழ்க்கை வரலாறு இல்லாதது பெருங்குறை.

அவர் சீருடை அணிந்த காலம் இரண்டாம் உலகப் போர்க்காலம். அந்தப் போர் நமக்குத் தூரத்துச் செய்தி அல்ல. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் திருகோணமலையில் குண்டு போட்டன. அதே நாள் "ஹெர்மிஸ்" என்ற பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பல் மட்டக்களப்புக் கடலிலே மூழ்கி, 300க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். அந்தக் கப்பல் இன்றும் நம்முடைய கடலடியிலேதான் கிடக்கிறது.

இனி அவருடைய தொழிலுக்கு வருகிறேன். மட்டக்களப்பில் சட்டத்தரணி என்றால் என்ன வழக்குப் பேசுவார்? வயல் வரம்பு வழக்கு, சீதனக் காணி வழக்கு, மாடு களவு வழக்கு. பட்டிக்காரனுடைய மாடு காணாமல் போய் இன்னொருவருடைய பட்டியிலே நின்றால், கோட்டிலே முதலில் பார்ப்பது மாட்டின் தொடையில் சுட்ட குறியை. குறி பழையதா, பழைய குறிக்கு மேலே புதுக்குறி வைத்திருக்கிறதா, விற்றதற்கு வவுச்சர் இருக்கிறதா? இப்படிப் படுவான்கரைக் குடியானவனுடைய வயலையும் மாட்டையும் வைத்துத்தான் இந்த ஊர்ச் சட்டத்தரணிகள் சட்டம் பேசிப் பழகினார்கள்.

1965இல் ஐக்கிய தேசியக் கட்சி சார்பாகக் கல்குடாவில் வென்றார். 1970இல் அந்தக் கட்சி நாடெங்கும் மண் கவ்வி 17 ஆசனங்களோடு நின்றபோது அதிலே ஒன்று கல்குடா. 1977இல் வடக்கு கிழக்கெங்கும் தமிழர் விடுதலைக் கூட்டணியின் உதயசூரியன் அலை. அப்போதும் கல்குடா அவரையே அனுப்பியது. மூன்று முறையும் தமிழரும் முஸ்லிம்களும் சேர்ந்து வாழும் தொகுதியிலே, தமிழ்க் கட்சிகளுக்கு எதிரே நின்று வென்றவர். "துரோகி" என்று ஒரு சொல்லில் அவரை முடிக்கிறவர்கள், அவருக்கு வாக்களித்த அத்தனை சனத்தையும் என்ன சொல்லி அழைப்பார்கள்? அந்தச் சனத்துக்கு வாய்க்கால் வேண்டும், றோட்டு வேண்டும், வாழைச்சேனைக் கடதாசி ஆலையிலே பிள்ளைக்கு வேலை வேண்டும். அந்தக் கணக்கைக் கேவலமாகப் பேச எனக்கு மனம் வராது.

ஆனால் இன்னொரு கணக்கும் இருக்கிறது. அதையும் இந்த மேடையிலேயே சொல்கிறேன்.

1979 ஜூலையில் பயங்கரவாதத் தடைச்சட்டம் நிறைவேறியது. அந்த ஆண்டின் 48ஆம் இலக்கச் சட்டம் அது. அப்போது நீதி அமைச்சர் நம்முடைய தேவநாயகம். குற்றம் சாட்டாமலே 18 மாதம் வரை ஒருவரை அடைத்து வைக்கலாம் என்றது அந்தச் சட்டம். உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலமே சான்றாகும் என்றது. மாட்டின் குறியைக் கூட இரண்டு முறை பார்த்துத் தீர்ப்புச் சொன்ன ஊரிலே, மனிதனுடைய வாக்குமூலத்துக்கு அந்தக் கவனம் மறுக்கப்பட்டது. மூன்று வருடத்துக்கு என்று வந்த சட்டம் 1982இல் நிரந்தரமாயிற்று. மட்டக்களப்பு வாவியின் இரண்டு கரையிலும் எத்தனை தாய்மார் அதனால் முகாமுக்கும் சிறைக்கும் அலைந்தார்கள் என்பது இந்தச் சபைக்குத் தெரியாதது அல்ல. அவர் அதற்குப் பொறுப்பாளி. அது என்னுடைய தீர்ப்பு. அமைச்சரவையிலே ஒரு தமிழர் இருந்தார் என்பதால் அந்தச் சட்டம் ஒரு துளியும் இலேசாகவில்லை.

அதே மனிதர் 1983இல் என்ன செய்தார் என்பதையும் கேளுங்கள். அந்த ஜூலைக் கலவரம் ஓய்ந்து சில கிழமைகளுக்குள், திம்புலாகல விகாரைப் பிக்குவின் தலைமையிலே ஆயிரக்கணக்கான சிங்களவர் மாதுறு ஓயாப் பக்கமாக நம்முடைய மாவட்டக் காணிக்குள் கொண்டுவந்து இறக்கப்பட்டார்கள். மகாவலித் திட்ட அதிகாரிகள் சிலரும் அதற்குப் பின்னால் நின்றார்கள். அப்போது தேவநாயகம் உள்நாட்டலுவல்கள் அமைச்சர். அவர் ஜனாதிபதி ஜயவர்தனவிடம் போய் முறையிட்டார். கொழும்பிலே தமிழருடைய வீடுகள் எரிந்த சாம்பல் ஆறாத நேரம் அது. அந்த நேரத்திலே அந்த அமைச்சரவைக்குள் இருந்து அப்படிக் கேட்பதற்குத் துணிவு வேண்டும். அந்தக் குடியேற்றம் பின்னர் அகற்றப்பட்டது. இது தமிழர் தரப்பு மட்டும் சொல்லும் கதை அல்ல. அந்தக் குடியேற்றத் திட்டத்தில் முன்னின்ற மாலிங்க குணரத்னவே 1988இல் ஆங்கிலத்தில் ஒரு நூலாக இதை எழுதி வைத்திருக்கிறார். ஒருவேளை, வரம்பு வழக்குப் பேசிய அந்தப் பழைய சட்டத்தரணிதான் அன்றைக்கு விழித்திருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சல் தரைக்காக 2023 செப்டெம்பரிலிருந்து சித்தாண்டியிலே பண்ணையாளர்கள் பந்தல் போட்டுக் குந்தினார்களே, அந்தப் பிரச்சினையை நேற்று முளைத்ததாக நினைக்க வேண்டாம். அதன் வேர் அந்த 1983இலும் இருக்கிறது. அந்தக் காலத்துக் கடிதங்கள், வரைபடங்கள், பாராளுமன்ற உரைகள் எல்லாம் இன்றைய வழக்குகளுக்கும் தேவையானவை.

வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்திலிருந்து வந்த பிள்ளைகளே, உங்களிடம் கேட்கிறேன். 1965இலிருந்து ஹன்சாட்டைப் புரட்டுங்கள். 1979இலே பேசியதையும் 1983இலே செய்ததையும் ஒரே நூலில், ஒன்றையும் மறைக்காமல் எழுதுங்கள். பெரியவர்களே, உங்கள் வீட்டுப் பெட்டிகளிலே அவருடைய கடிதமோ, தேர்தல் துண்டுப் பிரசுரமோ, பழைய காணி வரைபடமோ இருந்தால் கறையானுக்குக் கொடுத்துவிடாதீர்கள். பல்கலைக்கழக நூலகத்திலே ஒப்படையுங்கள். ஒரு பிரதி எடுத்துக்கொண்டாவது திருப்பிக் கொடுக்கட்டும். இந்த மாதத்துக்குள்ளே செய்யுங்கள்.