ஏரிக்கரையில் இரண்டு நாள்



விடுமுறை என்றதும் நம்மவர் மனம் மலையை நாடும். அன்றேல் கடலை நாடும். கோடை வந்துவிட்டால் உதகையும் கொடைக்கானலும் நிரம்பி வழிகின்றன. ஊரில் எந்தக் கூட்டத்துக்கு அஞ்சி ஓடினோமோ அதே கூட்டம் நமக்கு முன்னரே அங்கு வந்து நிற்கிறது. ஏரிக்கரையில் அமைந்த சிற்றூர் ஒன்றுக்குச் சென்று, இரண்டு நாள் யாதொரு வேலையுமின்றி இருந்து வருவோம் என்று எண்ணுவோர் மிகச் சிலரே. அச்சிலருள் நாமும் ஒருவர். மத்திய அரசு அலுவலகத்தில் நாள் முழுதும் கோப்புகளை ஒரு மொழியினின்றும் மற்றொரு மொழிக்குப் பெயர்த்துக்கொண்டிருக்கும் நமக்கு, வாரக் கடைசியிலேனும் சொற்கள் குறைந்த இடம் ஒன்று வேண்டியிருக்கிறது. மைசூரைச் சுற்றி அத்தகைய இடங்கள் இன்னும் சில உள்ளன. அவற்றைப் பற்றியே இன்று பேசக் கருதுகின்றோம்.

சொற்கள் வேண்டா என்றோம். ஆயினும் ஒரே ஒரு சொல்லில் தொடங்க வேண்டியிருக்கிறது. பழக்கம் விடவில்லை! ஏரியைக் கன்னடத்தில் கெரெ என்பர். தமிழில் சகரத்தில் தொடங்கும் சொற்கள் சில கன்னடத்தில் ககரத்தில் தொடங்குதல் உண்டு. நம் செவி அங்கே கிவி. நம் சேரி அங்கே கேரி. அம்முறையே நோக்கின், கெரெ என்பதற்கு இனமாகிய தமிழ்ச் சொல் சிறை என்பதாம். தெலுங்கின் செருவும், மலையாளத்தில் குளத்தையும் அணையையும் குறிக்கும் சிறையும் இதே குடும்பத்தைச் சார்ந்தவை. பண்டைத் தமிழில் கற்சிறை என்றால் கல்லால் ஆன அணை. ஆக, கெரெ என்பது சிறைப்பட்ட நீர்.

இதனை இவ்வளவு விரித்துக் கூறுவதற்குக் காரணம் உண்டு. சுவிட்சர்லாந்திலும் வட இத்தாலியிலும் உள்ள பேரேரிகள் பனியாறுகள் குடைந்த பள்ளங்களில் தாமாக நிறைந்தவை. அவற்றின் அழகைக் கண்டு ஊர்களும் விடுதிகளும் பின்னர்த் தோன்றின. தக்காணப் பீடபூமியிலோ இயற்கை ஏரி என்பது அருமையினும் அருமை. இரு குன்றுகளுக்கு இடையே கரை எழுப்பி, மதகு வைத்து, மிகுநீர் போகக் கலிங்கு அமைத்து, ஓடிப்போகும் மழையை மடக்கி வைத்தனர் இந்நாட்டார். ஆகவே இங்குள்ள ஏரிக்கரையில் நாம் நுகரும் அமைதி, பிறர் தம் வயலுக்காகச் செய்த வேலையின் ஓரத்தில் நமக்குக் கிடைக்கும் ஒன்று. அந்த வேலை நின்றுபோனால் நீர் போகும். நீர் போனால் அமைதியும் போகும். இது வெறும் ஊகம் அன்று. மைசூர் நகருக்குள்ளேயே சான்று இருக்கிறது.

தசராப் பொருட்காட்சி நடைபெறும் திடலுக்குத் தொட்டகெரெ மைதானம் என்று பெயர். தொட்டகெரெ என்றால் பெரிய ஏரி. சற்று அப்பால் சுப்பராயன கெரெ என்று ஓரிடம் உளது, அது பூங்கா. இரண்டிலும் பெயரில்தான் ஏரி இருக்கிறது. மொழிபெயர்ப்பாளர்க்கு இவை தொல்லை தரும் பெயர்கள். பொருளை மொழிபெயர்த்தால் பொய்யாகிவிடும்.

தப்பிப் பிழைத்தவற்றுள் தலையாயது குக்கரஹள்ளி ஏரி. மும்மடி கிருஷ்ணராஜ உடையார் காலத்தில், 1864இல், பாசனத்துக்காக அமைக்கப்பட்டது. பின்னாளில் நகரின் குடிநீருக்கும் உதவியது. இன்று பல்கலைக்கழகத்தின் மானசகங்கோத்திரி வளாகத்தை ஒட்டிக் கிடக்கிறது. கன்னடக் கவிஞர் குவெம்பு நாள்தோறும் உலாவிய கரை இது. மைசூரில் வாழ்ந்த நம் ஆர். கே. நாராயணும் இளமையில் இக்கரையில் திரிந்தவரே. கூழைக்கடாக்களும் பாம்புத்தாராக்களும் நீர்க்காகங்களும் இன்றும் இங்கு வருகின்றன. ஆயினும் சாக்கடை நீர் கலப்பதைத் தடுக்கப் பல ஆண்டுகள் போராட வேண்டியிருந்தது. மீன்கள் செத்து மிதந்த நாள்களும் உண்டு. ஊரைவிட்டு வெளியே போக இயலாதவர் காலையில் இக்கரையை ஒருமுறை சுற்றி வரலாம். எனினும் நடைப்பயிற்சியாளர் அவசரமாக நடக்கும் இடம் அது. அமர்ந்திருப்போரைச் சற்று ஐயத்தோடு பார்ப்பர்.

அமர்ந்திருப்பதற்கென்றே ஏற்பட்டது போன்ற இடம் தொண்டனூர். மண்டியா மாவட்டத்துப் பாண்டவபுர வட்டத்தில் உளது. மைசூரிலிருந்து பெங்களூர் செல்லும் இருப்புப்பாதையில் பாண்டவபுரத்தில் இறங்கி, மேல்கோட்டைச் சாலையில் சென்று திரும்ப வேண்டும். ஊர் என்னவோ சிறிது. ஒரு காலத்தில் யாதவ நாராயணச் சதுர்வேதிமங்கலம் என்னும் நீண்ட பெயரைத் தாங்கியது. சோழநாட்டை விட்டு வந்த இராமாநுசர் இங்குத் தங்கினார் என்பதும், ஹொய்சள வேந்தன் விஷ்ணுவர்த்தனன் இங்கு அவரைப் பணிந்தான் என்பதும் வைணவ மரபு. நம்பி நாராயணன் கோயிலும் கோபாலகிருஷ்ணன் கோயிலும் ஊருக்குள் எழுந்து நிற்க, குன்றின்மேல் யோக நரசிம்மர் இருக்கின்றார். ஊரில் இசுலாமியப் பெரியார் ஒருவரின் அடக்கத்தலமும் உண்டு. ஹொய்சளர் காலத்துத் தமிழ்க் கல்வெட்டுகள் இங்குப் பல. கன்னட நாட்டின் நடுவே ஒரு கற்சுவரில் தமிழ் எழுத்துகளைத் தடவிப் பார்ப்பது தனியானதோர் இன்பம்.

ஏரி ஊருக்கு அப்பால், குன்றுகளுக்கு நடுவே இருக்கிறது. கரை நீளம் அன்று. பாறைக் குன்றுகளுக்கு இடையிலிருந்த திறப்பை அடைத்துவிட்டனர், அவ்வளவே. அதனால் நீர் அகலமாகப் பரந்து ஆழமின்றிக் கிடக்காமல், ஆழ்ந்து தெளிந்து நிற்கிறது. இதனை அமைத்தவர் இராமாநுசரே என்றும், திருமலைசாகரம் என்று பெயர் சூட்டினார் என்றும் மரபு கூறும். பதினெட்டாம் நூற்றாண்டில் இவ்வழி வந்த நாசிர் சங் என்னும் தக்காணத்து இளவரசர், நீரின் தெளிவைக் கண்டு மோத்தி தாலாப், அதாவது முத்து ஏரி, என்று அழைத்தாராம். திப்பு சுல்தான் காலத்துப் போரில், பகைவர்க்குப் பயன்படலாகாது என்று இக்கரை உடைக்கப்பட்டதாகவும், பின்னர்ச் செப்பனிடப்பட்டதாகவும் சொல்வர். துறவி, இளவரசர், சுல்தான் என மூவரும் கைவைத்த ஏரி இது. மூவர்க்கும் பின்னர் நெல்லுக்கும் கரும்புக்கும் நீர் விட்டுக்கொண்டே இருக்கிறது.

சென்ற ஆண்டு கார்த்திகைத் திங்களில் நாம் அங்குச் சென்றிருந்தபோது, மதகின் பக்கத்தில் முதியவர் ஒருவர் மண்வெட்டியோடு நின்றிருந்தார். "என்ன வேலையாக வந்தீர்கள், சுவாமி?" என்று கன்னடத்தில் வினவினார். வேலை ஒன்றுமில்லை, சும்மா உட்கார்ந்து போக வந்தோம் என்றோம். அவர் சிரிக்கவில்லை. "உட்காருங்கள். நீங்கள் குடித்த பாட்டிலை மட்டும் இங்கே எறிந்துவிடாதீர்கள். ஞாயிற்றுக்கிழமை வருகிறவர்கள் எறிவது திங்கட்கிழமை மதகின் வாயை அடைக்கிறது. உள்ளே இறங்கி எடுப்பது நான்தான்," என்றார். பின்பு தம் வேலையைப் பார்க்கத் தொடங்கினார். நாமும் சற்று எட்டிப் போய் ஒரு பாறைமேல் அமர்ந்தோம். அன்று செவ்வாய்க்கிழமை, நம்மையன்றி வேற்றூரார் எவரும் இல்லை. பிற்பகல் முழுதும் நாம் கேட்ட ஒலிகள் மூன்றே: கரையில் துணி துவைக்கும் ஒலி, எருமைகளை ஓட்டும் குரல், மண்வெட்டி. ஆழம் மிக்க நீராதலின் நீந்தப் புகுதல் தகாது. கரையில் காலை நனைத்துக்கொண்டாலே போதும்.

இரவு தங்குவதற்கு மேல்கோட்டைக்குச் சென்றுவிடலாம். அங்குச் சத்திரங்கள் உள. பெரிய விடுதிகளின் வசதியை எதிர்பார்த்தல் கூடாது. திருநாராயணபுரம் என்று தமிழ் வைணவர் வழங்கும் ஊர் இதுவே. வைரமுடிச் சேவை நாள் ஒன்றை நீக்கிவிட்டால் ஆண்டின் பெரும்பகுதி ஊர் தூங்கி வழிகிறது. கல்யாணி என்னும் பெருங்குளத்தின் படிகளில் மாலையில் சென்று அமரலாம். திரைப்படக்காரர் இப்படிகளைப் பலமுறை படம்பிடித்துவிட்டனர். ஆயினும் படிகள் அதற்காகத் தம்மை மாற்றிக்கொள்ளவில்லை. 1905இல் இவ்வூரில் பிறந்த பு. தி. நரசிம்மாசார் வீட்டில் தமிழ் பேசி வளர்ந்து, கன்னடத்தின் பெருங்கவிஞருள் ஒருவராக விளங்கினார். அவர் வாழ்ந்த வீடு இன்று நினைவில்லம். இரு மொழிக்கும் இடையே வாழ்வோர்க்கு அவ்வீட்டின் திண்ணை ஆறுதல் தருவது. ஊரின் புளியோதரை பற்றி நாம் சொல்ல வேண்டியதில்லை, உண்டவர்களே சொல்லிக்கொண்டிருக்கின்றனர்.

குளத்தின் பெயரையே தன் பெயராகக் கொண்ட ஊரும் ஒன்று உண்டு. சிரவணபெளகொளவில் பெள என்பது வெண்மை, கொள என்பது குளம். இரு குன்றுகளின் நடுவே அவ்வெண்குளம் இருக்கிறது. கோமடேசுவரரைத் தொழ மலையேறுவோர் பலரும் குளத்தைக் கண்ணெடுத்துப் பார்ப்பதில்லை. சிலையைச் சாமுண்டராயர் செய்வித்தார் என்று அதன் அடியில் பொறித்த எழுத்துகளுள் ஒன்று தமிழ் என்பதை மட்டும் நினைவூட்டி மேலே செல்கின்றோம்.

இனிக் கண்ணம்பாடி. இப்பெயர் தமிழ் நேயர்க்குப் புதிதாகத் தோன்றலாம். கிருஷ்ணராஜசாகரம் என்றால் உடனே தெரியும். நாளிதழில் ஆடி மாதந்தோறும் நாம் தேடிப் படிக்கும் எண் அதனுடைய நீர்மட்டம். 124.80 அடி வந்துவிட்டதா என்று தஞ்சையில் கேட்கும் கேள்வியையே மண்டியாவிலும் கேட்கின்றனர். 1924ஆம் ஆண்டு ஒப்பந்தம் தொட்டு 2018ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வரை அந்நீரைப் பற்றி எழுதப்பட்ட காகிதத்துக்கு அளவில்லை. அத்தகைய காகிதங்களோடு பழகிய நாம், அந்நீரைக் கரையில் நின்று முதன்முதல் கண்டபோது சற்று நேரம் பேசாதிருந்தோம். எண்ணாக மட்டும் அறிந்திருந்த ஒன்று அலையடித்துக்கொண்டிருந்தது.

அணைவேலை 1911இல் தொடங்கியது. விசுவேசுவரய்யா தலைமைப் பொறியாளர். சிமெண்டு இன்றிச் சுண்ணாம்பும் சுர்க்கியும் கலந்த சாந்தினால் கட்டினர். 1930களின் தொடக்கத்தில் முற்றுப்பெற்றது. அணையின் அடியில் உள்ள பிருந்தாவனத்துக்கு எல்லோரும் போகின்றனர். வண்ண விளக்கும் இசைக்கு ஆடும் நீரூற்றும் குழந்தைகட்கு உவப்பு. ஓய்வு நாடிச் செல்வார்க்கு அஃது இடமன்று. அணையின் மேற்புறம், நீர் தேங்கி நிற்கும் பக்கம், புதிய கண்ணம்பாடி இருக்கிறது. பழைய கண்ணம்பாடி நீருக்குள் போய்விட்டது. அவ்வூரோடு மூழ்கிய ஹொய்சளர் காலத்து வேணுகோபாலன் கோயில், வறட்சி ஆண்டுகளில் வெளியே தலைகாட்டுவதுண்டு. அண்மைக் காலத்தில் அதன் கற்களைப் பெயர்த்துக் கொணர்ந்து கரைமேல் திரும்ப எழுப்பியுள்ளனர். ஏரி நிரம்பிய நாள்களில் நீர் கோயில் மதிலை நெருங்கி வருகிறது. இங்கேயும் ஞாயிறு வேண்டா. ஏரி நிரம்பியதும் முதலமைச்சரே வந்து முறத்தில் மஞ்சளும் குங்குமமும் வளையலும் வைத்துக் காவிரிக்குப் பாகினம் அளிப்பது வழக்கம். அன்றும் வேண்டா, கூட்டம் தாங்காது.

மார்கழி, தை மாதங்களில் ஓய்வு கிடைக்குமாயின் நஞ்சனகூடு வட்டத்து ஹதினாறு என்னும் ஊருக்குச் செல்லுதல் நன்று. மைசூர் உடையார் மரபின் தொடக்கக் கதை இவ்வூரோடு பிணைந்தது. 1399 என்று ஆண்டும் கூறுவர். இன்று அரண்மனை ஏதுமில்லை. ஓர் ஏரியும் வயல்களும் உண்டு. அவ்வேரிக்குப் பனிக்காலத்தில் வரித்தலை வாத்துகள் வருகின்றன. வெண்ணிறத் தலையில் இரண்டு கரிய கோடுகள் இருப்பதால் இப்பெயர். திபேத்திலும் மங்கோலியாவிலும் பொரித்து வளர்ந்து, இமயத்தைத் தாண்டிப் பறந்து வருபவை. மங்கோலியாவில் கழுத்துப்பட்டை அணிவிக்கப்பட்டவை கருநாடக ஏரிகளில் காணப்பட்டதுண்டு. இவற்றின் உறவினங்கள் நெல்லைச் சீமையில் கூந்தன்குளத்துக்கும் வரும். அவ்வூரார் பறவைகளைத் தம் வீட்டுப் பிள்ளைகள் போல் காப்பது பலரும் அறிந்தது.

ஓய்வு கொள்ளும் கலையை இவ்வாத்துகளிடம் கற்கலாம் என்று விளையாட்டாகச் சொல்வதுண்டு. பகலெல்லாம் நீரின் நடுவே கூட்டமாக மிதந்து, தலையைச் சிறகில் செருகி உறங்கும். பொழுது சாய்ந்ததும் வயல்களில் மேயப் போகும். உழவர்க்கு அதில் மனக்குறை இல்லாமல் இல்லை. ஆயினும் ஓட்டுவார்களேயன்றி ஊறு செய்வதில்லை. நாம் கண்ட அளவில், அவை பறந்தெழுவது பெரும்பாலும் படம்பிடிக்க மிக நெருங்கும் வேற்றூராரைக் கண்டுதான். கரையில் ஒரு வேலமரத்தின் கீழ், சாயம் மங்கிய உடையில், அசையாமல் அமர்ந்தால் அரைமணியில் அவை நம்மை மறந்துவிடுகின்றன. காலை ஏழு மணிக்கு முன் போய்ச் சேர்தல் வேண்டும். உணவும் நீரும் கையோடு கொண்டுபோய், வெறும் பாத்திரங்களைத் திரும்பக் கொண்டுவருதல் வேண்டும். மாசி கழிந்தால் வாத்துகள் வடக்கே போய்விடும். அதற்குப் பின் அங்கே வெயில்தான்.