ரொன்சில் நோயும் நம் பிள்ளைகளும்



நான் வைத்தியம் கற்றவன் அல்லன். கலைப் பட்டம் பெற்று, முப்பது ஆண்டுகளுக்கு மேலாக அரசினர் பாடசாலைகளிற் பணியாற்றி, இன்று அதிபராக இருப்பவன். அத்தகைய ஒருவன் ரொன்சில் நோயைப் பற்றிப் பேச வருவது ஏன் என்று நீங்கள் கேட்கலாம். நோயைத் தீர்ப்பவர் வைத்தியரே. ஆயினும், அந்நோயுடைய பிள்ளையை நாள்தோறும் ஐந்தாறு மணி நேரம் கண்முன்னே வைத்திருப்பவர் ஆசிரியர். கண்ணெதிரே இருந்ததைக் காணத் தவறிய ஆசிரியன் ஒருவனின் கதையோடு இப்பேச்சைத் தொடங்குகின்றேன். அவ்வாசிரியன் நானே.

நான் உதவி ஆசிரியனாக இருந்த காலத்தில், நான்காம் வகுப்பிலே சிறுவன் ஒருவன் இருந்தான். எப்போதும் வாயைச் சற்றே திறந்தபடி இருப்பான். மூக்கடைத்தவன் போலப் பேசுவான். முற்பகல் பத்து மணி ஆவதற்குள் அவன் தலை மேசைமேற் சாய்ந்துவிடும். மற்றப் பிள்ளைகள் அவனுக்குத் ‘தூங்குமூஞ்சி’ என்று பெயரிட்டார்கள். நான் அதைத் தடுக்கவில்லை. ஒரு நாள் பாடம் முடியும்வரை அவனை வாங்கின்மேல் ஏறி நிற்கவும் செய்தேன்.

மறுநாட் காலை அவனுடைய தாயார் வந்தார். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. “ஐயா, அவன் சோம்பேறி இல்லை. இரவில் நித்திரை இல்லாத பிள்ளை” என்றார். அவன் உரக்கக் குறட்டை விடுவதையும், இடையிடையே மூச்சு நின்றுபோவதையும், பின்னர் திணறி எழுவதையும் சொன்னார். மூச்சு மீண்டும் வருகின்றதா என்று பார்த்தபடி, பல இரவுகள் தாம் அருகில் விழித்திருப்பதையும் சொன்னார்.

சில வாரங்களின் பின் சுகாதார வைத்திய அதிகாரி பாடசாலை மருத்துவப் பரிசோதனைக்கு வந்தார். சிறுவனின் வாயைத் திறக்கச் சொல்லி, சிறு விளக்கொன்றைப் பிடித்துப் பார்த்தவர், என்னையும் அழைத்துக் காட்டினார். தொண்டையின் இரு மருங்கிலும் இரண்டு சதைகள் வீங்கி, நடுவிலே ஒன்றையொன்று தொடுமளவுக்கு நின்றன. அவற்றிடையே இருந்த ஒடுங்கிய வழியாலேதான் அப்பிள்ளை இரவு முழுவதும் மூச்சு விட்டுக்கொண்டிருந்தான். அன்று நான் அடைந்த வெட்கம் இன்னும் என்னை விட்டு நீங்கவில்லை.

இச்சதைகளையே ரொன்சில் என்கிறோம். நம்மவர் பலர் இதனை ‘உள்நாக்கு வளர்ந்துவிட்டது’ என்பர். அது பிழை. உள்நாக்கு என்பது தொண்டையின் நடுவே தொங்கும் சிறு தசை. ரொன்சில்களோ அதற்கு இருபுறமும் உள்ளவை. மூக்கின் பின்புறத்திலே, கண்ணுக்குப் புலப்படாத இடத்தில், அடினொயிட் என்னும் இதே இனத்துச் சதை உண்டு. வாயாலும் மூக்காலும் உட்புகும் கிருமிகளை இனங்கண்டு, அவற்றை எதிர்க்க உடலைப் பழக்குவது இவற்றின் தொழில். மூன்று வயது முதல் ஏழு வயது வரையிலான பருவத்தில் இவை பருத்திருப்பது இயல்பு. பருவ வயதின் பின் தாமாகவே சுருங்குவதும் இயல்பு. ஆகவே, பெரிதாக இருக்கிறது என்ற ஒன்றை மட்டும் கொண்டு அதனை நோய் என்று சொல்லிவிட முடியாது.

அளவை மட்டும் பார்த்துத் தீர்மானிப்பதனால் நேர்ந்த பிழைக்கு ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 1934ஆம் ஆண்டில் நியூயோர்க் நகரிலே பள்ளிப் பிள்ளைகள் ஆயிரம் பேரை ஆராய்ந்தார்கள். அவர்களுள் 611 பேருக்கு ரொன்சில் ஏற்கெனவே அகற்றப்பட்டிருந்தது. மீதி 389 பேரை வைத்தியர்களிடம் காட்டியபோது, 174 பேருக்கு அதனை அகற்ற வேண்டும் என்றனர். வேண்டியதில்லை என்று விடப்பட்ட 215 பேரை வேறு வைத்தியர்களிடம் அனுப்பியபோது, 99 பேருக்கு அகற்ற வேண்டும் என்றனர். எஞ்சிய 116 பேரை மூன்றாம் முறை காட்ட, மேலும் 51 பேரைச் சத்திர சிகிச்சைக்கு உரியோர் என்றனர். ஒவ்வொரு முறையும் ஏறத்தாழப் பாதிப் பேர் தெரிவு செய்யப்பட்டனர்! நோய் எது, இயல்பு எது என்பதற்குத் திட்டமான அளவுகோல் இல்லாத காலம் அது.

இன்று அளவுகோல்கள் உண்டு. அவை இரண்டு கேள்விகளில் அடங்கும். முதலாவது, பிள்ளை இரவில் எவ்வாறு உறங்குகின்றது என்பது. தடிமன் பிடித்த சில நாட்களில் மட்டுமன்றி, வாரத்திற் பெரும்பாலான இரவுகளில் குறட்டை, இடையில் மூச்சு நிற்றல், திணறி விழித்தல், வாயால் மூச்சு விடுதல் என்பன காணப்பட்டால், வைத்தியரிடம் காட்டத் தாமதிக்கலாகாது. பகலில் தூங்கி வழிவது மட்டுமன்று, காரணமின்றிச் சினப்பதும் ஓரிடத்தில் இராது துடிப்பதும்கூட இத்தகைய நித்திரைக் குறைவின் அடையாளங்களாக இருத்தல் கூடும்.

இரண்டாவது கேள்வி, தொண்டை நோவு எத்தனை முறை வந்தது என்பது. வைத்தியர் பலர் கைக்கொள்ளும் கணக்கு இது: காய்ச்சலோடோ கழுத்து நெறி வீக்கத்தோடோ கூடிய கடுந் தொண்டை நோவு, ஓராண்டில் ஏழு முறை, அல்லது அடுத்தடுத்த ஈராண்டுகளில் ஆண்டுக்கு ஐந்து முறை, அல்லது மூன்றாண்டுகளில் ஆண்டுக்கு மூன்று முறை வந்திருந்தால், ரொன்சிலை அகற்றுவது பற்றி ஆலோசிக்கலாம். அதற்குக் குறைந்தால், பெரும்பாலும் பொறுத்திருப்பதே நன்று. வயது ஏற ஏற இந்நோவு தானே குறைந்து போவதுண்டு.

இவ்வெண்ணிக்கையை ஞாபகத்தில் வைத்திருப்பது அரிது. எனவே தாய்மாரே, ஒரு கொப்பியில் திகதியைக் குறித்து வையுங்கள். பிள்ளை பாடசாலைக்கு வராத நாட்கள் ஆசிரியரின் வரவு இடாப்பிலே இருக்கின்றன. கொப்பியும் இடாப்பும் சேர்ந்தால் வைத்தியருக்கு அவை பெருந் துணையாகும்.

தொண்டை நோவுகளுட் பெரும்பாலானவை வைரசுக் கிருமிகளால் வருபவை. அவை சில நாட்களில் தாமே மாறும். இளஞ்சூடான உப்பு நீராற் கொப்பளிப்பதும், நீராகாரமும், ஓய்வும் அவற்றுக்குப் போதும். ஆனால் ஸ்ரெப்ரோகொக்கஸ் என்னும் பக்டீரியாவால் வருவனவும் உண்டு. இவற்றைக் கவனியாது விட்டால், இரண்டு மூன்று வாரங்களின் பின் சில பிள்ளைகளுக்கு வாதக் காய்ச்சல் தோன்றி, இருதய வால்வுகளை நிரந்தரமாகப் பழுதாக்கிவிடும். ஐந்து முதல் பதினைந்து வயது வரை உள்ளோரே இதற்குப் பெரிதும் ஆளாகின்றனர். பக்டீரியாவால் வந்த நோவு என்று கண்டு வைத்தியர் பெனிசிலின் குளிகையைப் பத்து நாட்களுக்குத் தந்தால், மூன்றாம் நாளே நோவு மாறிவிட்டாலும் பத்து நாட்களும் கொடுத்து முடிக்க வேண்டும். மிச்சக் குளிகைகளை அடுத்த முறைக்கு என்று அலுமாரியில் வைப்பது பெருந் தவறு. விரலால் தொண்டைச் சதையை அழுத்திவிடும் கைவைத்தியமும் கூடாது.

வளர்ந்தோருக்கும் இந்நோய் வருவதுண்டு. அடிக்கடி நோவு, வாய் நாற்றம், ரொன்சிலின் குழிகளில் வெண்மையான சிறு கட்டிகள் என்பன அவர்களைத் தொல்லைப்படுத்தும். பிரித்தானியாவில் 453 பேரைக் கொண்டு நடத்தி 2023இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், ஈராண்டுக் காலத்திலே ரொன்சிலை அகற்றுவித்தோர் ஏறத்தாழ 23 நாட்களும், காத்திருந்தோர் 30 நாட்களும் தொண்டை நோவுற்றனர். பயன் உண்டு, அது எவ்வளவு என்பதை அறிந்தே முடிவு செய்ய வேண்டும். ஆனால், வளர்ந்த ஒருவருக்கு ஒரு பக்கத்து ரொன்சில் மாத்திரம் நோவின்றிப் பெருத்தால், புற்றுநோய் இல்லை என்பதை உறுதிப்படுத்துவதற்காகத் தாமதமின்றி வைத்தியரிடம் காட்டுக. எவ்வயதினராயினும், வாயைத் திறக்க முடியாமை, உமிழ்நீரை விழுங்க முடியாமை, மூச்சுத் திணறல் என்பன தோன்றினால் உடனே வைத்தியசாலைக்குச் செல்க.

சத்திர சிகிச்சை நடந்தபின் ஒரு வாரம் முதல் இரு வாரங்கள் வரை நோவு இருக்கும். காயத்தின்மேல் வெண்படலம் தோன்றுவது இயல்பு, அஞ்ச வேண்டியதில்லை. நோவுக்கு அஞ்சிப் பிள்ளையைப் பட்டினி போடாது, நீரும் மென்மையான உணவும் கொடுத்து வருக. நோவுக்கு வைத்தியர் தந்த மருந்தையே கொடுக்க வேண்டும். அஸ்பிரின் கொடுத்தல் ஆகாது. ஐந்தாம் நாள் முதல் பத்தாம் நாள் வரை இரத்தம் கசிவதற்கு இடமுண்டு. இரத்தம் கண்டால், அது சிறிதாயினும் வைத்தியசாலைக்கே விரைக.

நேயர்களே, அச்சிறுவனின் கதையை முடித்துவிடுகின்றேன். அரசினர் வைத்தியசாலை ஒன்றிலே கட்டணம் எதுவுமின்றி அவனுக்குச் சத்திர சிகிச்சை நடந்தது. ஒரு மாதத்தின் பின் வகுப்புக்கு வந்தான். அவன் முதலாம் பிள்ளையாகிவிட்டான் என்று சொன்னால் அது கட்டுக்கதை. அமெரிக்காவிலே 464 பிள்ளைகளை ஆராய்ந்து 2013இல் வெளியிட்ட முடிவும் இதனையே காட்டுகின்றது. சத்திர சிகிச்சையால் நித்திரையும் நடத்தையும் சீரடைந்தன; ஆனால் கவனத்தை அளக்கும் சோதனைகளிற் குறிப்பிடத்தக்க வேறுபாடு காணப்படவில்லை. காத்திருந்த பிள்ளைகளுள்ளும் நூற்றுக்கு 46 பேருக்கு ஏழு மாதத்தில் சுவாசம் தானே சீராயிற்று. ஆகவே புள்ளிகள் கூடும் என்று எண்ணி எவரும் ரொன்சிலை அகற்றுவிக்க வேண்டாம்.

அவன் கணக்கிலே முன்போல நடுத்தர மாணாக்கனாகவே இருந்தான். ஆனால் பத்து மணிக்கு அவன் தலை மேசைமேற் சாயவில்லை. இடைவேளையில் மற்றப் பிள்ளைகளோடு ஓடி விளையாடினான். தூங்குமூஞ்சி என்ற பெயர் மெல்ல மறைந்தது. தாயார் என்னைக் கண்டபோது, “இப்போது நானும் நித்திரை கொள்கிறேன், ஐயா” என்று சிரித்தார்.

ஆசிரிய நண்பர்களே, நாளைக் காலை உங்கள் வகுப்பிலும் ஒரு பிள்ளை தூங்கி விழக்கூடும். அப்பிள்ளையை எழுப்பி நிறுத்துமுன், இரவு எப்படி உறங்கினாய் என்று ஒரு முறை கேளுங்கள். நான் கேளாது விட்ட கேள்வி அது.