குரவை வட்டம்



உலகம் நிலைகுலைந்து, காலம் தடுமாறும்போது, சுரங்களை முறைப்படி நிறுத்தி அதைச் சரிசெய்ய முடியுமா? கேட்ட மாத்திரத்தில் இது வெறுங்கற்பனை என்றே தோன்றும். ஆனால் அப்படிச் செய்து பார்த்த ஒரு நிகழ்ச்சியைச் சிலப்பதிகாரம் நமக்குச் சொல்கிறது. இன்று அதனை எடுத்துக்கொண்டு, இசையால் ஆவது எது, ஆகாதது எது என்று சிறிது சிந்திப்போம்.

மதுரை நகருக்கு வெளியே ஆயர் சேரி. சிலம்பு விற்கச் சென்ற கோவலன் இன்னும் திரும்பவில்லை. அன்று சேரியில் எல்லாம் மாறாக நடக்கின்றன. குடத்துப் பால் உறையவில்லை. உறியிலிருந்த வெண்ணெய் உருகவில்லை. எருதின் கண்ணில் நீர் வழிகிறது. ஆட்டுக்குட்டிகள் துள்ளவில்லை. பசுக்களின் கழுத்து மணிகள் அறுந்து விழுகின்றன. இயற்கையின் ஒழுங்கே தளர்ந்துவிட்டது போன்ற நிலை.

இடைக்குல மூதாட்டி மாதரி என்ன செய்தாள் தெரியுமா? பசுவுக்கும் கன்றுக்கும் வந்த துயர் நீங்கக் குரவை ஆடுவோம் என்றாள். ஏழு பெண்களை வட்டமாக நிறுத்தினாள். குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்று ஏழு சுரங்களின் பெயர்களையே அவர்களுக்கு இட்டாள். அவர்கள் கைகோத்து, அடி பிசகாமல் ஆடிப் பாடினார்கள். அதாவது, தளர்ந்துபோன உலகின் நடுவே ஒழுங்கான ஒரு சிறிய உலகத்தை அவள் நிறுத்திக் காட்டினாள்.

இந்த வட்டத்துக்குப் பின்னால் ஓர் இசைக் கணக்கு இருக்கிறது. பழைய உரையாசிரியர்கள் அதனை வட்டப்பாலை என்பார்கள். கதிரவன் ஓராண்டில் சுற்றிவரும் பன்னிரண்டு இராசி வீடுகளை வட்டமாக வரைந்து, அவற்றில் ஏழு சுரங்களையும் அமர்த்துவார்கள். காலத்தை அளக்கும் வட்டமும் இசையை அளக்கும் வட்டமும் ஒன்றாகிவிடுகின்றன அல்லவா?

இனி, கணக்கைப் பார்ப்போம். ஒரு நரம்பை மீட்டினால் எழுவது குரல் என்று கொள்வோம். அதே நரம்பில் மூன்றில் இரண்டு பங்கை மட்டும் ஒலிக்கச் செய்தால் இளி பிறக்கும். இன்றைய பெயரில் சொன்னால் ச, ப. அந்த இளியையே குரலாக வைத்து அதற்கோர் இளி, பிறகு அதற்கோர் இளி என்று பன்னிரண்டு முறை சென்றால், வட்டம் முழுதும் சுற்றித் தொடங்கிய குரலுக்கே வந்து சேர வேண்டும். ஆனால் வந்து சேர்வதில்லை! 128 என்று முடிய வேண்டிய கணக்கு ஏறத்தாழ 129.75 என்று முடிகிறது. அடுத்தடுத்த இரண்டு வீடுகளுக்கு இடையே உள்ள தூரத்தில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு மிஞ்சி நிற்கிறது.

இந்தச் சிறு மிச்சத்தைக் கிரேக்கரும் கண்டார்கள், சீனரும் கண்டார்கள். தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் 1917-இல் வெளியிட்ட கருணாமிர்த சாகரத்தில், சுரமண்டலத்தை 24 சமப் பங்காக்கினால் வட்டம் பொருந்தும் என்று வாதிட்டார். 1947-இல் யாழ் நூலைத் தந்த விபுலாநந்த அடிகளோ 22 அலகு என்றே கொண்டார். அறிஞர்கள் கருத்து வேறுபடலாம். ஒன்று மட்டும் தெளிவு. வட்டம் தானாக மூடிக்கொள்வதில்லை. மனிதர்தாம் கூடி அதனைப் பொருத்த வேண்டியிருக்கிறது.

காலத்தின் கதையும் அதுதான். பன்னிரண்டு சந்திர மாதங்கள் சேர்ந்தால் 354 நாட்கள்தாம். ஆண்டுக்குப் பதினொரு நாள் குறைகிறது. கடிகாரம் மட்டும் மாறாததா? சிங்கப்பூரில் 1981 டிசம்பர் 31-ஆம் நாள் இரவு பதினொன்றரை மணிக்கு அரை மணி நேரத்தைத் தாண்டிவிட்டு, நள்ளிரவு என்று வைத்துக்கொண்டோம். கதிரவன் நகரவில்லை. நாம் எல்லாரும் ஒப்புக்கொண்டோம்; அதுவே நேரமாயிற்று.

சரி, மாதரியின் குரவை பலித்ததா? இல்லை, நேயர்களே. அந்த வட்டம் சுழலத் தொடங்குமுன்பே கோவலன் வெட்டுண்டு கிடந்தான். குரவை முடியும் வேளையில், ஊரின் ஆரவாரம் கேட்டு ஒருத்தி விரைந்து வந்தாள். வந்தும் வாய் திறக்க முடியாமல் நின்றாள். ஏழு சுரங்களும் முறையாக நின்றும் நடந்ததை மாற்ற இயலவில்லை. ஆயினும் ஒன்றைக் கவனியுங்கள். ஊருக்குப் புதியவளான கண்ணகி அந்தச் செய்தியைத் தனியாகக் கேட்கவில்லை. குரவையில் நின்ற பெண்களின் நடுவே கேட்டாள். அழுதபோது அவர்களை நோக்கியே பேசினாள்.

இதை எங்கள் ஜூரோங்கும் ஒருமுறை கண்டது. 2020 ஏப்ரலில் நோய்த்தொற்று பரவியபோது, தோ குவான் பகுதியில் ஊழியர் தங்கும் விடுதி அடைக்கப்பட்டது. பள்ளிகள் மூடின. மணி அடித்து வகுப்பு மாறும் வாழ்க்கைக்குப் பழகிய எங்களுக்கும் பிள்ளைகளுக்கும் நாள் எது, கிழமை எது என்பதே மறந்துபோயிற்று. அந்த ஏப்ரல் 25-ஆம் நாள் மாலை 7.55 மணிக்கு, தீவு முழுவதும் மக்கள் சன்னலோரம் நின்று, விளக்கசைத்து, ‘ஹோம்’ என்னும் பாட்டைச் சேர்ந்து பாடினார்கள். நோய் மறுநாளே ஓடிவிடவில்லை. ஆனால் அந்தச் சில நிமிடங்கள் அனைவருக்கும் ஒரே நேரமாக இருந்தன. அடுத்த வீட்டுச் சீன மூதாட்டியும் நாமும் ஒரே அடியில் மூச்சு விட்டோம்.

ஆகவே, இசை விதியைத் திருத்தும் என்று பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டாம், அது பொய். இசை வெறும் பொழுதுபோக்கு என்றும் சொல்ல வேண்டாம், அதுவும் பொய். இன்று மாலை உங்கள் புளோக்கின் கீழ்த்தளத்தில் ஏழு பிள்ளைகளை வட்டமாக நிறுத்துங்கள். ஆளுக்கொரு சுரத்தின் பெயரை இடுங்கள். தாளம் போட்டுப் பாடச் சொல்லுங்கள். ஒருவர் முந்துவார்; ஒருவர் பிந்துவார். பிந்தியவருக்காக மற்ற ஆறு பேரும் சற்றுத் தாமதிப்பார்கள். வட்டத்தில் மிஞ்சும் அந்தச் சிறு இடைவெளி மூடுவது அப்போதுதான்.